கிதார்க்காரரின் சித்தி பையன்

பரணைச் சுத்தம் செய்யும்போது ஒரு கேசட் டப்பா கையில் அகப்பட்டது. திறந்தால் பிளாஸ்டிக்கும் அந்துருண்டையும் கலந்த ஒரு வாசனை. கேசட் எங்கே போனதோ, அட்டை மட்டும்தான் இருந்தது. அதில் நாலு பேர் முடியை வளர்த்துக்கொண்டு முறைத்தபடி நிற்கிறார்கள்.

தொண்ணூறுகளின் கடைசியில் புனேவில் அந்த ஆல்பம் போட்ட போடு இருக்கிறதே! மெட்ராஸ் ராக் கோஷ்டி. பாட்டெல்லாம் இங்கிலீஷ், நடுவில் தவில் மட்டும் நம்மூர். கல்லூரி கேன்டீன், இரானி ஹோட்டல், கோர்படி போகிற சிக்ஸ் சீட்டர் ஆட்டோ, எங்கே போனாலும் அதுதான். எங்கள் ரயில்வே குவார்ட்டர்ஸில் மட்டும் வரவேற்பு வேறு மாதிரி. முதல் பாட்டு முடிவதற்குள் அப்பா, "ஏலே, எவனோ பீரோவைத் தள்ளுதான், என்னன்னு பாரு" என்றார். திருநெல்வேலியை விட்டு வந்து இருபது வருஷமாகியும் அவருக்குக் கேலி அந்த ஊர்ப் பேச்சில்தான் வரும். அம்மா தவில் வருகிற இடத்துக்கு மட்டும் அடுக்களையிலிருந்து எட்டிப் பார்ப்பாள்.

கல்லூரியில் நான் கடைசி பெஞ்சு. "காய் ரே, அண்ணா" என்பார்கள், மராத்தியில் 'என்னடா, அண்ணா' என்று. தெற்கேயிருந்து வந்த எல்லாரும் அவர்களுக்கு அண்ணாதான், அதற்குமேல் பேச்சு கிடையாது. ஒருநாள் வகுப்பில் சச்சின் என்பவன் அந்தக் கேசட் அட்டையைக் காட்டி இந்தியில் கேட்டான்: "இவங்க உங்க ஆளுங்கதானே, பழக்கமா?" வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கலாம். "கிதார் வாசிக்கிறவர் எங்க பெரியம்மா பையன்" என்று அள்ளி விட்டேன். சச்சினுக்கோ அவன் கூட்டாளி மிலிந்துக்கோ துளி சந்தேகம் வரவேண்டுமே! தெற்கே எல்லாரும் சொந்தக்காரர்கள் என்றுதான் அவர்கள் நினைத்திருந்தார்கள்.

அன்றிலிருந்து எனக்கு ராஜ மரியாதை. முதல் வடா பாவ் எனக்குத்தான். என்னைத் திரும்பியே பார்க்காத பெண்கள் வந்து, உன் அண்ணன் காலையில் என்ன சாப்பிடுவார் என்று விசாரித்தார்கள். இட்லி என்றேன். அதில் தப்பு வராது என்று ஒரு தைரியம்.

ஆறு மாதத்தில் கோஷ்டி புனேவுக்கே கச்சேரி செய்ய வந்து தொலைத்தது. காய்ச்சல் என்று படுத்துக்கொண்ட என்னைச் சச்சினும் மிலிந்தும் வீட்டுக்கே வந்து அள்ளிக்கொண்டு போனார்கள். கச்சேரி முடிந்ததும் மேடைக்குப் பின்னால், "அவரோட தம்பி, வழி விடுங்க" என்று கத்திக் கத்தி என்னைத் தள்ளிக்கொண்டு போய் நிறுத்தினார்கள். கிதார்க்காரர் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். மானம் கப்பலேற ஒரு நிமிஷம்தான் பாக்கி. ஒரே மூச்சில் தமிழில் கொட்டினேன்: "அண்ணே, உங்க சித்தி பையன்னு பொய் சொல்லிட்டேண்ணே. இவங்களுக்குத் தமிழ் தெரியாது. காப்பாத்துங்க."

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். பிறகு எல்லாருக்கும் புரியட்டும் என்று தன் ஓட்டை இந்தியில் ஒரு பிடி பிடித்தார் பாருங்கள்: "சித்தி போன் பண்ணி அழறாங்க. ரெண்டு பேப்பர் போச்சாமே உனக்கு?" நிஜமாகவே ரெண்டு பேப்பர் போயிருந்தது! என் மூஞ்சியிலேயே எழுதியிருந்ததோ என்னவோ. மிலிந்தின் தோளைப் பிடித்து, "இவனை ஊர் சுத்த விடாதீங்க" என்றார். அப்புறம் என் தலைமுடியைக் கலைத்துவிட்டு, மெதுவாகத் தமிழில், "ஒழுங்காப் படிடா" என்றார்.

அவ்வளவுதான், பிடித்தது சனி. அந்த இரண்டு தடியன்களும் தினமும் என்னை லைப்ரரியில் உட்காரவைத்துக் காவல் இருந்தார்கள். ரெண்டு பேப்பரையும் பாஸ் பண்ணித் தொலைத்தேன். எனக்குக் கூடப்பிறந்தவர்கள் யாரும் இல்லை. திட்டுவதற்கு ஒரு அண்ணன் இருந்தால் எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. நன்றாகத்தான் இருந்தது.

இரண்டாவது ஆல்பத்தோடு கோஷ்டி கலைந்துவிட்டது. இப்போது தேடினால் அந்தப் பாட்டுகள் எங்கேயும் அகப்படவில்லை. சிக்ஸ் சீட்டரும் போய்விட்டது. போன மாதம் மிலிந்திடமிருந்து போன். "உங்க அண்ணன் போயிட்டாராமே, இப்பதான் பேப்பர்ல பார்த்தேன்" என்றான். இத்தனை வருஷம் கழித்தாவது உண்மையைச் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். அழுகைதான் வந்தது.

ஆபீஸுக்கு லீவு சொன்னேன். என்ன விஷயம் என்று கேட்டார்கள். அண்ணன் தவறிட்டார் என்றேன்.