எறிய ஒரு கேக்

தாராவியில் எங்கள் தெரு பேக்கரிக்காரரின் புருவத்தில் எப்போதும் கொஞ்சம் கிரீம் காய்ந்திருக்கும். பழைய ஊமைச் சிரிப்புப் படங்களில் ஒருவர் முகத்தில் ஒருவர் கேக் எறியும் கட்டங்களை, செல்போனில் சிரிக்காமல் திரும்பத் திரும்பப் பார்ப்பார்.

என் ஆபீஸ் மேனேஜரின் பிறந்தநாளுக்குக் கேக் வாங்கப் போனேன்.

"திங்கவா அண்ணாச்சி, எறியவா?" என்று கேட்டார்.

"எறியவா?" என்றேன்.

"இப்பம் எல்லாரும் மூஞ்சியிலதான பூசுதாங்க? கிரீம் ஒட்டணும், ஆனா கண்ணு எரியக்கூடாது. படத்தப் பாத்து நானே செஞ்சேன். எம் மூஞ்சியிலயே அடிச்சும் பாத்தாச்சு."

"திங்கத்தான் பாய்" என்றேன். அவர் முகம் வாடிவிட்டது. எனக்கு மனசு கேட்கவில்லை. "சரி, எறியறதே கொடுங்க."

"மேனேஜர் கண்ணாடி போடுவாரா?"

"போடுவார்."

"கழட்டிட்டு எறியுங்க."

அப்படியே செய்தேன். மேனேஜர் அதோடு என்னிடம் பேசுவதை நிறுத்திவிட்டார். அவருக்குக் கண் எரியவில்லை என்று மறுநாள் சொன்னதும், பேக்கரிக்காரர் "அல்ஹம்துலில்லாஹ்" என்று நெஞ்சில் கைவைத்தார். என் வேலை போய்விட்டதை அவரிடம் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.