தோணா முதலைக்கு நான் போட்ட சாப்பாடு

ஹஜ்ஜுப் பெருநாளன்று ஏழு பேர் கூட்டாக ஒரு மாட்டைக் குர்பான் கொடுத்தோம். இறைச்சியைப் பிரித்து ஏழைகளுக்கும் சொந்தக்காரருக்கும் கொடுத்து முடிக்கும்வரை ஏழு பேருமே மார்க்கம் படித்தவர்கள்தான். குடலும் சாணமும் மிஞ்சியபோது ஆறு பேருக்கு அவசர வேலை வந்துவிட்டது.

புதைத்திருக்க வேண்டும். ஆனால் முற்றம் முழுக்க ஆசைப்பட்டுக் கல் பதித்தவன் நான். எங்கே தோண்டுவது? எல்லாவற்றையும் யூரியா பையில் கட்டி, மோட்டார் சைக்கிளில் ஏற்றி, ஊருக்குள்ளால் ஓடிக் கடலில் விழும் தோணாவில் எறிந்தேன். எனக்கு முன்பே அங்கே இரண்டு பேர் பையோடு நின்றார்கள். ஒருவர் ஸலாம் சொன்னார்.

தோணாவில் முதலை இருப்பது ஊருக்கே தெரியும். அது வெயில் காயக் கரையேறும்போது படம் எடுத்து முகநூலில் போட்டு, அரசாங்கத்தைத் திட்டுவோம்.

மூன்றாம் நாள் பின்னேரம், டியூஷன் முடிந்து வந்த என் மகளின் சைக்கிள் செயின் தோணாக் கரையில் கழன்றது. பதினான்கு வயது. தானே மாட்டியிருக்கிறாள். கையெல்லாம் கிறீஸ். கழுவ இறங்கிக் குந்தியிருக்கிறாள்.

பாலத்தில் நின்று தூண்டில் போட்டவர்தான் கண்டார்.

"புள்ள, ஏறு மேல. கைய எடு, ஏறு."

ஏறினாள். அவள் கை இருந்த தண்ணீரில் முதலையின் வாய் மூடியது.

அவரே வீட்டுக்குக் கூட்டி வந்தார். "காக்கா, இவ்வளவுதான் தூரம்" என்று தன் முழங்கையைத் தொட்டுக் காட்டினார். இப்போதும் யாராவது சட்டைக் கையை மடித்தால் நான் வேறு பக்கம் பார்க்கிறேன்.

மறுநாள் முதலையைப் பிடிக்கச் சொல்லி ஊரே தோணாக் கரையில் கூடியது. முன்வரிசையில் நான், உரத்த குரலும் எனதுதான். வனஜீவராசிகள் அதிகாரி பொறுமையாகக் கேட்டுவிட்டு எனக்குப் பதில் சொன்னார்.

"முந்தியே கூட்டுக்குள்ள கோழி வெச்சிப் பாத்த, சேர். வருகுதில்ல. இங்க மாட்டுக்குடல் தின்டு பழகிட்டு."

முன்வரிசை முழுவதும் தத்தமது செருப்பைப் பார்த்தது.

வீட்டுக்கு வந்து மகளிடம் சொன்னேன். "மகள், நம்மட மாட்டுக்குடல நான்தான் தோணாக்குள்ள போட்ட."

"தெரியும் வாப்பா. பைக் இன்னும் நாறுது."

இப்போது அவள் டியூஷனுக்குப் போகும்போதெல்லாம் பின்னாலேயே மெதுவாகப் போகிறேன். சிநேகிதிகள் சிரிக்கிறார்கள். நேற்று பாலத்தடியில் சைக்கிளை நிறுத்தினாள்.

"பின்னுக்கு வராதீங்க வாப்பா. முன்னுக்குப் போங்க. அதுக்கு உங்களத்தானே நல்லாத் தெரியும்."

முன்னால் போனேன்.