புளி போட்டு விளக்கிய மெழுகுதிரித் தாங்கி

1986ஆம் ஆண்டு, தைப்பொங்கலுக்கு முதல்நாள், ஒரு திங்கட்கிழமை. சுவிஸில் பாடனிலிருந்து ரயிலில் போகிற தூரத்தில் இருந்த ஒரு பழைய மாளிகையில் நான் துப்புரவு வேலை செய்துகொண்டிருந்தேன். முன்னூறு வருஷத்துக்கு முன் யாரோ ஒரு பிரபு கட்டியதாம். கூரை முழுக்கச் சுண்ணச்சாந்தில் பூக்களும் கொழுத்த குழந்தைகளும். சுவரெல்லாம் ஓவியங்கள். பீங்கான், வெள்ளி, பித்தளைச் சாமான்களை அறை அறையாக வைத்து மியூசியமாக்கியிருந்தார்கள். திங்கட்கிழமை பூட்டு. அன்றைக்குத்தான் எங்களுக்கு நிறைய வேலை.

வேலை என்று வந்தால் எனக்குக் கொஞ்சம் திமிர் உண்டு. இப்போதும் குறையவில்லை. தரையும் ஜன்னலும் மட்டும்தான் எங்கள் பொறுப்பு, காட்சிப் பொருட்களில் கை வைக்கக் கூடாது என்று முதல் நாளே சொல்லியிருந்தார்கள். வேலை தெரியாத ஆட்களுக்குச் சொன்னதாக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

என்னோடு டீட்டிகோன் என்ற ஊரில் ஒரே அறையில் இருந்த அண்ணை ஒருவர்தான் இந்த வேலையை எடுத்துத் தந்தவர். அவருடைய மனைவியும் இரண்டு பிள்ளைகளும் யாழ்ப்பாணத்தில். அகதி விண்ணப்பத்துக்கு இன்னும் முடிவு வரவில்லை. மாளிகையின் சாப்பாட்டு மண்டபம் அவருடைய பொறுப்பு. அன்று அவர் கீழே தரை மினுக்கும் மெஷினோடு நின்றதால், நான் அவருடைய மண்டபத்தைத் துடைக்கப் போனேன்.

அங்கே மேசையில் ஒரு சோடி பித்தளை மெழுகுதிரித் தாங்கிகள், கன்னங்கரேலென்று நின்றன. விடிந்தால் பொங்கல். ஊரில் இந்நேரம் வீட்டுக்கு வீடு விளக்கும் செம்பும் மினுக்கிக்கொண்டிருப்பார்கள். இவ்வளவு பெரிய மாளிகையில் பித்தளையை இப்படியா வைத்திருப்பது என்று எனக்கு ஒரே வெட்கமாகப் போய்விட்டது. சனிக்கிழமை சூரிச் கடையில் வாங்கிய புளி கோட்டுப் பையிலேயே கிடந்தது. ஒரு தாங்கியை எடுத்துப் போய்ப் புளி போட்டுத் தேய்தேய் என்று தேய்த்தேன். தங்கம் தோற்றுவிடும்! சாப்பிட்டுவிட்டு வந்து மற்றதைச் செய்யலாம் என்று, அதை மேசையில் வைத்துவிட்டுப் போனேன்.

திரும்பி வரும்போது, பழம்பொருட்களைப் பழுதுபார்க்கிற பெண் மண்டபத்தில் நின்றாள். என்னைவிட இரண்டு மூன்று வயது இளையவள். நான் மினுக்கிய தாங்கியைப் பார்த்து முகம் வெளுத்துப்போயிருந்தது. சுவரில் இருந்த வேலைப் பட்டியலில் அண்ணையின் பெயரைப் பார்த்துவிட்டு, மாடியில் தன் அறைக்குப் போனாள். ஓடிப்போய் அண்ணையிடம் சொன்னேன்.

"அட விசரா! என்ன வேலையடா செய்தனி?" என்று தலையில் கை வைத்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, "வாயைத் திறக்காதை. ஆர் செய்தது எண்டு தெரியாது எண்டு சொல்லிச் சமாளிக்கிறன்" என்றார்.

"உங்கடை பேரெல்லோ அண்ணை எழுதிக் கிடக்குது. நான் போய்ச் சொல்லிப்போட்டு வாறன்."

"சொன்னால் உன்ரை வேலை போயிடுமடா."

"ஓம். உங்கடை வேலை நிக்கும்."

வாய் அப்படிச் சொல்லிவிட்டது. படி ஏறி அவளுடைய அறைக்குப் போனேன். அவள் டெலிபோனைக் கையில் எடுத்திருந்தாள். எனக்குத் தெரிந்த அரைகுறை ஜெர்மனில் "நான்தான் செய்தேன்" என்றேன். புளிக்கு ஜெர்மனில் என்ன சொல்வது? பொட்டலத்தை அப்படியே மேசையில் வைத்தேன். மணந்து பார்த்தாள். நாக்கில் வைத்தாள். முகம் சுருங்கியது.

"எத்தனை மணிக்கு?" என்று மட்டும் கேட்டாள்.

"பத்து."

டெலிபோனை வைத்துவிட்டு ஓடினாள். தாங்கியைத் தூக்கி வந்து எனக்கும் ஒரு சோடி கையுறை தந்தாள். செதுக்கு வேலையின் இடுக்குகளில் தங்கிய புளிப்பு உள்ளுக்குள்ளே அரித்துக்கொண்டே போகுமாம். என்ன போட்டது என்று தெரியாமல் இருந்திருந்தால், பச்சைக் களிம்பு பூத்த பிறகுதான் கண்டுபிடித்திருப்பாளாம். பின்னேரம் வரை இருவரும் பஞ்சுக் குச்சியால் இடுக்கு இடுக்காகக் கழுவி, காற்றுப் படாமல் மெழுகு பூசினோம். முடிந்ததும் மற்றத் தாங்கியைக் காட்டி, "இந்தக் கறுப்பு அழுக்கில்லை. இதன் வயது. போனால் திரும்பி வராது" என்றாள். நான் தலையைக் குனிந்துகொண்டேன். அவ்வளவு நேரம் அவள் என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருக்கலாம் என்று இருந்தது.

நானாகவே வந்து சொன்னதால்தான் பொருள் தப்பியது என்று அவளே மேலிடத்துக்கு எழுதிக் கொடுத்தாள். எனக்கு ஒரு எச்சரிக்கைக் கடிதத்தோடு போயிற்று. மறுநாள் பொங்கிய பிறகு அண்ணை விடவில்லை: "புளியை வெள்ளைக்காரிக்குக் குடுத்திட்டு வந்திட்டான், குழம்புக்கு இனி என்னத்தைப் போடுறது?"

போன கோடையில் என் மகளை அங்கே கூட்டிப்போனேன். அந்தச் சோடி இன்னும் அதே மேசையில்தான். ஒன்று கறுப்பு, ஒன்று பளபளப்பு.

"இது மட்டும் ஏன் அப்பா இப்பிடி மினுங்குது?" என்று கேட்டாள்.

"அப்பா விளக்கினது" என்றேன். அவள் நம்பவில்லை. இன்றைக்கும் கறுத்த பித்தளையைக் கண்டால் என் கை துருதுருக்கத்தான் செய்கிறது. ஆனால் இப்போது, அது யாருடையது, இப்படியே இருக்க வேண்டியதா என்று முதலில் கேட்டுவிட்டுத்தான் தொடுகிறேன்.