குவாங்சோவில் மாமி கேட்ட குரல்

பேய் பிசாசை நம்புகிற ஆள் நான் இல்லை. நம்பாமல் இருப்பதற்குச் சம்பளம் வாங்கியவன். யாழ்ப்பாணத்தில் ஒரு பத்திரிகையில் செய்தி திருத்தும் மேசையில் இருந்த காலத்தில், ஞாயிறு இதழுக்கு இப்படியான கதைகள் கட்டுக்கட்டாக வரும். கண்டது யார், கூட நின்றது யார் என்று இரண்டு கேள்விதான் கேட்பேன். கண்டவர் எப்போதும் எழுதியவரின் தூரத்து உறவினராக இருப்பார், கூட நின்றவர் என்று ஒருவர் இருக்கவே மாட்டார், கதை கூடைக்குள் போய்விடும். இந்தக் கதையை நான் கூடைக்குள் போட முடியாமல் இருப்பதற்குக் காரணம், இதில் கூட நின்றவன் நான். நம்புவதும் விடுவதும் உங்கள் பாடு.

இப்போது பாரிஸில் ரூ லூயி-பிளாங்கில் ஒரு பயண முகவர் நிலையத்தில் வேலை. கொழும்புக்கு மலிவாக டிக்கெட் கேட்பவர்களுக்குச் சீனா வழியாகப் போகும் டிக்கெட்டைப் போட்டுக் கொடுப்போம். குவாங்சோவில் காலையில் இறங்கினால் அடுத்த விமானம் இரவில்தான். பிரெஞ்சு பாஸ்போர்ட் இருந்தால் பகல் முழுக்க ஊருக்குள் போய்வரலாம். "ஒரு டிக்கெட்டிலை ரெண்டு நாடு, இதைவிட வேறை என்ன வேணும்?" என்பது முதலாளி சிவா அண்ணையின் வசனம். அங்கே ஒரு நாளுக்குத் தனி வழிகாட்டியும் காரும் ஒழுங்கு செய்து கொடுக்கும் வேலையையும் அவர் தொடங்கியிருந்தார். அதை என் மாமியாருக்கே விற்பேன் என்று நான் நினைத்திருக்கவில்லை.

மாமி எங்களோடு பாரிஸுக்கு வெளியே ஓல்னே-சூ-புவாவில் இருக்கிறார். அவருடைய ஒரே மகன் சுதன் 2009இல் வன்னியில் காணாமல் போனவன். உடலைக் கண்டவர் இல்லை, உயிரோடு பிடித்துப் போனதைக் கண்டவரும் இல்லை. என் மனைவி வதனி அவனுக்கு அக்கா. எங்களுக்குப் பிள்ளை தங்கவில்லை, உண்டாகி உண்டாகிக் கலைந்தது. இறந்தவனுக்குக் கடமை செய்யாத வீட்டில் பிள்ளை தங்காது என்று சாதகம் பார்க்கிற ஒரு சாத்திரி சொல்லிவிட்டார். அன்றிலிருந்து தாய்க்கும் மகளுக்கும் சண்டை.

"அவன் செத்திட்டான் அம்மா. நீங்கள் அவனைச் சாகவும் விடுறியள் இல்லை, என்ரை பிள்ளையளைப் பிறக்கவும் விடுறியள் இல்லை."

"பிணத்தைக் காட்டு. கொள்ளி வைக்கச் சொல்லுறன்."

"காட்ட ஏலுமெண்டால் காட்டியிருக்க மாட்டனோ?"

கடைசியில் மாமி இறங்கி வந்தார். ஊருக்குப் போய்க் கீரிமலைக் கடற்கரையில் இறந்தவனுக்கான அந்தியேட்டிக் கிரியை செய்வது, செய்ய வேறு ஆண் இல்லாததால் அக்காவின் கணவன் நான் செய்வது என்று முடிவானது. வதனிக்கு வேலையில் லீவு கிடைக்கவில்லை. மகன் செத்துவிட்டான் என்று ஒப்புக்கொள்ளப் போகும் ஒரு தாயும் அவருடைய மருமகனும் மட்டும் விமானம் ஏறினோம். வழியில் ஒரு பகலை விமான நிலைய நாற்காலியில் கழித்தால் மாமி மனம் மாறித் திரும்பிவிடுவார் என்று வதனிக்குப் பயம். அதனால்தான் இந்த ஊர் சுற்றும் ஏற்பாடு.

எங்களுக்கு வந்த வழிகாட்டி மெய் என்ற இளம் பெண். சன்னமான குரல். கூட்டமான இடங்களில் வழிகாட்டிகள் சத்தமாகப் பேசக் கூடாதென்பதால், ஆளுக்கொரு சின்னக் கருவியைக் கழுத்தில் மாட்டி அதன் வயரைக் காதில் செருகிவிட்டாள். அவள் சட்டைக் கழுத்தில் ஒரு மைக். அவள் ஆங்கிலத்தில் சொல்வது எங்கள் காதில் கேட்கும். மாமிக்கு ஆங்கிலம் போதாது. நான் மொழிபெயர்க்கத் தொடங்கியதும் கையைக் காட்டித் தடுத்தார்.

"நீங்கள் குறுக்காலை கதையாதேங்கோ தம்பி. பெடியன் வடிவாச் சொல்லுறான்."

"எந்தப் பெடியன்?"

"இதுக்குள்ளை கதைக்கிறவன். உங்கடை சிவா பரவாயில்லை, தமிழிலையே போட்டு வைச்சிருக்கிறார்."

பகிடி விடுகிறார் என்றுதான் நினைத்தேன். மாமி பகிடி விட்டுப் பல வருடமாகியிருந்தது, அதுவும் நல்லதுதான் என்று விட்டுவிட்டேன்.

முதலில் போனது ஆற்றோரத்துத் தீவு ஒன்றுக்கு. பிரெஞ்சுக்காரரும் ஆங்கிலேயரும் ஒரு காலத்தில் தங்களுக்கென்று வைத்திருந்த இடம், வீதி முழுக்க ஆலமரம். மெய் பழைய கட்டடம் ஒன்றின் தூண்களைப் பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தாள். மாமி வேறு பக்கம் பார்த்துக்கொண்டு, "அந்தக் கடைசி மரம் இடி விழுந்து பிளந்ததாம். பின்பக்கத்தாலை இரும்புப் பட்டை போட்டு இறுக்கியிருக்காம்" என்றார். நான் மரத்தைச் சுற்றிப் போய்ப் பார்த்தேன். பட்டை இருந்தது. மரப்பட்டை வளர்ந்து அதைப் பாதி மூடியிருந்தது. மெய்யிடம் கேட்டபோது அவள் என்னைவிட ஆச்சரியப்பட்டாள். அதை இங்கிருந்து புறப்படும்போதுதான் சொல்வது வழக்கம், உங்கள் மாமி முன்பே வந்திருக்கிறாரா என்று கேட்டாள்.

பழைய தொழில் விடாது. மாமியின் காதிலிருந்ததை வாங்கி என் காதில் வைத்தேன். மெய்யின் ஆங்கிலம். என்னுடையதை மாமியிடம் கொடுத்தேன். "இதிலையும் அவன்தான்" என்றார்.

அன்று காலை மாமியை நான் கண்டதுபோல் அதற்கு முன்னும் காணவில்லை, பின்னும் காணவில்லை. மதியம் மரக்கறி வைத்துச் சுருட்டி அவித்த அரிசிமாப் பண்டம் ஒன்றைச் சாப்பிட்டுவிட்டு, "இடியப்பமும் இல்லை, புட்டும் இல்லை, ரெண்டும் கலியாணம் கட்டிப் பெத்த பிள்ளை" என்றார். நான் மெய்க்கு அதைச் சொல்ல, அவள் வாயைப் பொத்திச் சிரித்தாள். கிழவி இப்படியே ஊர் போய்ச் சேர்ந்துவிடுவார் என்று வதனிக்குச் செய்தி அனுப்பினேன்.

ஆற்றைக் கடக்கும் படகில்தான் அது மாறியது. மாமி திடீரென்று காதை உள்ளங்கையால் பொத்திக்கொண்டார். முகத்தில் இருந்த சிரிப்பு அப்படியே நிற்க, கண் மட்டும் மாறிப்போனது.

"தம்பி, இது சுதன்."

"மாமி, களைச்சுப் போனியள்."

"பெத்தவளுக்கு இவ்வளவு நேரம் எடுத்ததோ எண்டு நினைக்கிறியள். அவன் ஒருநாளும் என்னோடை இப்பிடி மரியாதையாக் கதைச்சதில்லை. அதாலைதான் பிடிபடேல்லை."

"என்ன சொல்லுறான்?"

"ஆத்தின்ரை ஆழத்தைச் சொல்லுறான். பாலம் எப்ப கட்டினது எண்டு சொல்லுறான். யாரோ வெளிநாட்டுக்காரிக்குச் சொல்லுற மாதிரி, அம்மா எண்டு ஒரு சொல்லில்லை."

அவர் அந்தக் கருவியை வாய்க்கு முன்னால் பிடித்துக்கொண்டு பேசத் தொடங்கினார். "சுதன், நான் அம்மா. எங்கையப்பு நிக்கிறாய்? சாப்பிட்டியோ?" படகில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். மெய்க்குத் தமிழ் விளங்கவில்லை, நிலைமை விளங்கியது. அதில் மைக் இல்லை, கேட்க மட்டும்தான் முடியும், பேச முடியாது என்று அவரிடம் சொல்லும்படி என்னிடம் மெதுவாகச் சொன்னாள். அதை நான்தான் தமிழில் சொல்ல வேண்டியிருந்தது.

"மாமி, உதிலை நீங்கள் கேக்கத்தான் ஏலும். நீங்கள் கதைக்கிறது அங்கை போகாது."

"அவனுக்குப் போகும்" என்றார் மாமி. பிறகு கொஞ்சம் கழித்து, "போகாதோ தம்பி?" என்று என்னையே கேட்டார்.

சுற்றுலாவை அந்த இடத்தில் நிறுத்தியிருக்கலாம். மாமி விடவில்லை. நிறுத்தினால் குரலும் நின்றுவிடும் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. கடைசியாக, ஒரு குலத்தார் தங்கள் முன்னோருக்குக் கட்டிய பழைய மண்டபத்துக்குப் போனோம். கூரை முகட்டில் நூற்றுக்கணக்கான மண் பொம்மைகள், கீழே முற்றத்துக்கு இறங்கும் கருங்கல் படிகள். மெய் கூரையைக் காட்டி விளக்கிக்கொண்டிருந்தாள். மற்றவர்கள் மேலே பார்த்த நேரத்தில் மாமி படியின் விளிம்புக்குப் போய் நின்று, என்னைத் திரும்பி ஒருமுறை பார்த்துவிட்டு, காலை வெறும் காற்றில் வைத்தார்.

தடுக்கி விழவில்லை. விழுந்து காட்டினார். முழங்கால் கல்லில் அடிபட்ட சத்தம் எனக்குக் கேட்டது. ஓடிப்போய்த் தூக்கியபோது இரத்தம் சேலைக்கு வெளியே வந்திருந்தது. அவர் வலியால் அழவில்லை. ஒரு விரலை உயர்த்தி என்னைச் சும்மா இருக்கச் சொல்லிவிட்டுக் காதைக் கூர்மையாக்கிக் கேட்டார்.

"சின்னனிலை நான் கால் இடறினாலே 'அம்மா' எண்டு கத்துவான்" என்றார். "இப்ப நான் விழவிழ, கூரையிலை எத்தினை சிங்கம் எண்டு சொல்லுறான்."

மெய் மைக்கைக் கழற்றிப் பைக்குள் போட்டபடி ஓடி வந்தாள். தண்ணீரை ஊற்றி, குனிந்து, இரண்டு கையாலும் மாமியின் முழங்காலைத் துடைத்தாள். அவள் வாய் மூடியிருந்தது. இதை நான் பார்த்தேன். இதற்கு நானே சாட்சி. மாமி அந்த நேரத்தில் கழுத்திலிருந்த கருவியைக் கழற்றத் தொடங்கினார்.

"ஏன் மாமி?"

"வந்ததுக்கு நன்றியாம். மிசினைத் திருப்பித் தரட்டாம்."

படகில் மெய் அதை வாங்கப் போனபோது அவள் கையைத் தட்டிவிட்டவர், இப்போது தானாகவே வயரைச் சுற்றி என் கையில் வைத்தார். பெடியன் கேட்கிறான், கொடுக்காமல் இருக்கலாமா என்பதுபோல. நான் அதைக் காதில் வைத்துப் பார்த்தேன்.

"என்ன சொல்லுறான்?" என்றார் மாமி.

"ஒண்டும் கேக்கேல்லை மாமி."

கொழும்பில் இறங்கி, யாழ்ப்பாணம் போய், கீரிமலையில் குருக்களுக்கு முன்னால் உட்கார்ந்தபோதுதான் மாமி அதைப் பற்றி மறுபடி வாய் திறந்தார். இறந்தவனின் திதியைக் குருக்கள் கேட்டார். காணாமல் போனவர்களுக்கு நாள் தெரியாதென்று அவருக்கும் தெரியும், இப்படி வருபவர்கள் அவருக்குப் புதிதில்லை. "தெரியாட்டில் பரவாயில்லை, அமாவாசையை வைப்பம்" என்றார்.

"தெரியும் ஐயா. முந்தநாள்."

குருக்கள் என்னைப் பார்த்தார். "அம்மா, முந்தநாள் செத்தவருக்கு இண்டைக்கு அந்தியேட்டி செய்ய ஏலாதே. முப்பத்தொராம் நாள் வரவேணும்."

"அவன் செத்துக் கனகாலம் எண்டு இவையள் சொல்லுவினம். கிரியையை அதின்படி செய்யுங்கோ. திதி மட்டும் என்னைக் கேளுங்கோ. முந்தநாள் பின்னேரம் வரைக்கும் கதைச்சுக்கொண்டிருந்தவன். நான்தான் கையாலை குடுத்து அனுப்பினனான்."

குருக்கள் பஞ்சாங்கத்தைப் புரட்டி அந்தத் திதியைச் சொன்னார். நான் தர்ப்பையைப் போட்டுக்கொண்டு, நான் ஒருநாளும் நேரில் காணாத ஒருவனுக்குக் கடலில் சாம்பலுக்குப் பதிலாக மாவைக் கரைத்தேன். மாமி கரையில் நின்று முழங்காலில் ஒட்டியிருந்த பிளாஸ்டரைப் பிய்த்துக்கொண்டிருந்தார்.

அடுத்த வருடம் எங்களுக்கு மகள் பிறந்தாள். கடமை செய்தபடியால்தான் என்று வதனி நம்புகிறாள். நான் மறுத்துப் பேசுவதில்லை. மாமி பேத்தியைக் குளிப்பாட்டுவார், சோறு தீத்துவார், ஆனால் தாலாட்டவோ கதை சொல்லவோ மாட்டார். பிள்ளையின் காதுக்குப் பக்கத்தில் வாயைக் கொண்டுபோகவே மாட்டார்.

ஒவ்வொரு வருடமும் அந்தத் திதிக்கு ஓல்னே வீட்டில் படையல். சுதனுக்குப் பிடித்த கறிகள், வாழையிலை லா சப்பல் தமிழ்க் கடையிலிருந்து நான் வாங்கி வருவது. எல்லாம் முடிந்து, வதனி பாத்திரம் கழுவப் போன பிறகு, மாமி என்னிடம் ஒரே கேள்வியைக் கேட்பார்.

"அண்டைக்கு நீங்களும் காதிலை வைச்சுப் பாத்தனீங்கள் தம்பி. ஒண்டும் கேக்கேல்லையோ?"

"இல்லை மாமி."

"அவனுக்கு என்னைத் தெரியாமல் போட்டுது" என்பார். அதைச் சொல்லி முடித்தால்தான் அவரால் படுக்க முடியும். ஆறுதல் மாதிரி அதைப் பிடித்து வைத்திருக்கிறார். தெரியாதவன் கூப்பிடாமல் இருந்ததில் குற்றமில்லை அல்லவா?

அன்று அந்த முற்றத்தில், மைக் பைக்குள் கிடக்க, மெய் வாய் மூடி இரத்தம் துடைத்துக்கொண்டிருக்க, என் காதில் கேட்டது இதுதான். இளம் ஆண் குரல், யாழ்ப்பாணத் தமிழ், ஓடி வந்தவன்போல் மூச்சு வாங்கியது. "அத்தான், அம்மாவைக் கெதியாக் கூட்டிக்கொண்டு போங்கோ. என்னாலை இனி ஏலாது."

சுதன் காணாமல் போனபோது வதனிக்குக் கல்யாணம் ஆகியிருக்கவில்லை. நான் யாரென்று அவளுக்கே அப்போது தெரியாது.