கம்பிக்கு வழி கேட்டவர்

அல்போன்சம்மாளுக்குக் கோபம் வந்தால் சட்டி பானை உடையாது. உள்ளே போட்டு மூடிவைத்துக்கொள்வாள். அது அங்கேயே கிடந்து ஊறும். நீ திட்டித் தொலைத்தால்கூட எனக்கு நிம்மதியாக இருக்கும் என்பாராம் அவள் புருஷன் லாசரஸ். செம்பவாங் கப்பல் பட்டறையில் அவருக்கு வேலை. இவள் வாத்து வளர்த்தாள், ஊருக்கெல்லாம் துணி தைத்தாள். அப்படி இரண்டு பேருமாக ஒரு துண்டு நிலம் வாங்கி, அவள் பேரில் எழுதி, பலகை வீடும் கட்டினார்கள்.

லாசரஸ் செத்தது எழுபத்திரண்டாம் வருஷம், அடைமழையில். வீட்டிலிருந்து ரோட்டுக்குப் போக நனையாத வழி ஒன்றே ஒன்று, பக்கத்துத் தோட்டக்காரர் சேதுபதியின் நிலத்துப் பாதை. அன்றைக்கென்று பார்த்து அவர் தோட்டத்து முனீஸ்வரனுக்குக் காப்புக் கட்டியிருந்தார். காப்புக் கட்டிய இடத்தைப் பிணம் தாண்டக்கூடாது, நாளைக்கு அவிழ்த்துவிடுவோம், ஒரு நாள் பொறுங்கள் என்று கேட்டைப் பூட்டிவிட்டார். பாதிரியார் கோயிலில் காத்திருக்கிறார், பிணத்தை எப்படிப் போட்டுவைப்பது? பெட்டியோடு ஓடையில் இறங்கினார்கள். தூக்கியவர்களில் ஒருவனுக்குக் கால் வழுக்க, கால்மாட்டுப் பக்கம் தண்ணீரில் முங்கியது. பூசை முடியும்வரை பெட்டியிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டே இருந்தது. அல்போன்சம்மாள் அழவில்லை. சொட்டுவதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

சில வருஷம் போனது. சேதுபதி கடன்பட்டு மிளகாய் அரைக்கிற மெஷின் வாங்கிப் போட்டார். தேக்கா மார்க்கெட் கடைகளுக்குத் தூள் போடுவதாகப் பேசியும் முடித்தார். கரண்ட் மட்டும்தான் பாக்கி. ரோட்டில் லைன் கிடையாது; பின்பக்கம் போகிற லைனிலிருந்து கம்பி வருவதென்றால் அல்போன்சம்மாள் நிலத்துக்கு மேலேதான் வரவேண்டும், கம்பமும் அங்கேதான் நிற்கவேண்டும். மற்றப் பக்கமெல்லாம் சதுப்பு. மின்சார ஆபீஸ்காரர் வந்து அவள் கையெழுத்தைக் கேட்டார், அவள் வீட்டுக்கும் விளக்கு எரியும் என்று ஆசையும் காட்டினார். தென்னை போகும், வாத்து மிரளும், முடியாது என்றாள். மண்ணெண்ணெய் விளக்கில் தைத்துத் தைத்து அவள் கண் பூத்துப்போயிருந்தது. அது வேறு கதை.

கடைசியில் சேதுபதியே மனைவி பூவம்மாவோடு பழத்தட்டு ஏந்தி வந்தார். மெஷின் ஓடாவிட்டால் தோட்டமே கைவிட்டுப் போய்விடும் என்று கெஞ்சினார். அல்போன்சம்மாள் காப்பி கொடுத்தாள். அவர் குடித்து முடிக்கும்வரை காத்திருந்தாள்.

"அவரு போகாத வழியில ஒரு பெட்டி போகணும் அண்ணே. காலிப் பெட்டிதான். முன்னால நீங்க தோள் குடுக்கணும். அப்புறம் கையெழுத்தப் பாப்போம்."

பூவம்மா விருட்டென்று எழுந்து, வாங்க போகலாம் என்றாள். சேதுபதி எழுந்திருக்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டு சரி என்றார்.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து கோயில் பங்குச் சனம் முழுக்க ரோட்டோரம் வந்து நின்றது. தன் காசில் வாங்கிய சவப்பெட்டிக்கு முன்னால் தோள் கொடுத்து, தன் கேட்டைத் தானே திறந்து, முனீஸ்வரனைக் கடக்கும்போது கண்ணை மூடிக்கொண்டு நடந்தார் மனுஷன். பின்னாலேயே கறுப்புச் சேலையில் அல்போன்சம்மாள். ரோட்டில் பெட்டியை இறக்கிவைத்து, மூச்சு வாங்க, சட்டைப்பையிலிருந்து காகிதத்தை எடுத்து நீட்டினார்.

"போட்டுரு தங்கச்சி."

அவள் வாங்கினாள். பெட்டிக்குள் போட்டாள். மூடியைச் சாத்தினாள்.

"அன்னைக்கும் இந்தப் பாதை இங்கதான இருந்துச்சு அண்ணே? பெட்டிய நீங்களே வச்சுக்குங்க. ஒரு நாள் உதவும்."

பாதிரியார் கூப்பிட்டுக் கண்டித்தார். பாவசங்கீர்த்தனத்தில் எத்தனையோ சொன்னவள் இதை மட்டும் சொன்னதில்லை. இதில் பாவம் எங்கே இருக்கிறது என்று அவளுக்கு விளங்கவே இல்லை.

எண்பதுகளில் அரசாங்கம் அந்த நிலத்தையெல்லாம் எடுத்துக்கொண்டு மார்சிலிங்கில் அடுக்குமாடி வீடு கொடுத்தது. அதுவரைக்கும் சேதுபதியின் மெஷின் ஒரு மிளகாயைக்கூட அரைக்கவில்லை. புது வீட்டில் அல்போன்சம்மாள் ஸ்விட்சைப் போட்டாள், பளிச்சென்று எரிந்தது. விளக்கடியில் உட்கார்ந்து ஊசியில் நூல் கோக்கப் பார்த்தாள். ஊசிக்காது தெரியவில்லை. போனால் போகுது என்று ஊசியைத் துணியில் குத்திவைத்துவிட்டுச் சாப்பிடப் போனாள்.