டாக்டர் எழுதாத நோய்

மேடவாக்கம் குமரவேல் மருத்துவத் துறையில் இருக்கிறார் என்பது உறவினர் வட்டாரத்தில் நிலவும் செய்தி. பதினோரு வருட சேவையில் அவர் ஒரு நோயாளியையும் தொட்டதில்லை. ஓஎம்ஆரில் ஏழாவது மாடியில் உட்கார்ந்து, அமெரிக்க டாக்டர்கள் எழுதிய கேஸ் ஷீட்டைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் உரிய எண்ணைப் போடுகிறார். எண் இருந்தால்தான் அங்கே இன்சூரன்ஸ் கிடைக்கும். இதற்கு மெடிக்கல் கோடிங் என்று பெயர்.

அவருக்கு வாய்த்தது மனநலமும் போதையும். குடிக்கு அடிமையானவர் திடீரென்று நிறுத்தினால் உடம்பு படும் பாட்டுக்கு எஃப் 10.23. அதன் பின்னால் இன்னும் ஓர் இலக்கம் உண்டு. வெறும் நடுக்கமும் வியர்வையும் என்றால் பூஜ்யம். இல்லாததெல்லாம் கண்ணில் தெரிந்து பிதற்றினால் ஒன்று. பூஜ்யக்காரர்கள் பெரும்பாலும் வீடு திரும்புகிறார்கள். ஒன்று வாங்கியவர்களில் சிலர் திரும்புவதில்லை.

வேலைக்குச் சேர்ந்த புதிதில், கை நடுக்கம் என்று எழுதியிருந்ததைப் பார்த்து இவராகவே அந்த எண்ணைப் போட்டுவிட்டார். போட்ட எண்களைச் சரிபார்க்கும் ஆடிட்டர் ஜெரூஷா கூப்பிட்டு அனுப்பினார்.

"டாக்டர் எழுதினாரா, குமார்?"

"இல்ல மேடம். ஆனா பார்த்தாலே தெரியுது..."

"எழுதலைன்னா அது நடக்கவே இல்லை. கண்டுபிடிக்கவா உங்களுக்குச் சம்பளம்?"

சந்தேகம் வந்தால் டாக்டரைக் கேட்கலாம், ஆனால் பதிலைக் கேள்விக்குள் வைக்கக் கூடாது என்றும் சொல்லி அனுப்பினார். அன்றிலிருந்து குமரவேல் எதையும் யூகிப்பதில்லை. வானம் கறுத்தால்கூட, யாராவது மழை என்று சொல்லும் வரை குடையைத் தொடமாட்டார்.

அதே வீட்டில் வசிக்கும் அவருடைய அண்ணன் சம்பத் இரண்டு தண்ணீர் லாரிகளின் அதிபர். பதினேழு வருடமாக ஒரு நாள்கூடத் தவறாமல் குடித்து வந்தார். ஆனால் அந்தச் சொல் வீட்டுக்குள் புழங்கியதில்லை. "அவருக்கு டயர்டா கீது" என்பதே அண்ணி கிளியம்மாள் வெளியிடும் அதிகாரபூர்வ அறிக்கை. இந்தக் கார்த்திகையில் சம்பத் திடுதிப்பென்று சபரிமலைக்கு மாலை போட்டு, பாட்டிலை அன்றே நிறுத்தினார். குடும்பம் நெகிழ்ந்தது.

இரண்டாம் நாள் காலை, சம்பத் திருநீறு பூசும்போது பாதி நெற்றியிலும் பாதி தரையிலும் விழுந்தது. கொட்டும் மழையில் சட்டையில்லாத உடம்பு வியர்த்துக்கொண்டிருந்தது. குமரவேலின் மூளை தன்னிச்சையாக ஒரு பூஜ்யம் போட்டது. யூகிக்கக் கூடாதே. முறைப்படி விசாரித்தார்.

"அண்ணி, அண்ணன் உடம்பு எப்படி இருக்குன்னு உங்க வார்த்தையிலயே சொல்லுங்களேன்."

"இன்னா குமாரு, இன்டர்வியூ எடுக்கறியா? விரதம்ப்பா. உடம்பு சுத்தமாவுது."

பதில் பதிவு செய்யப்பட்டது. விசாரணை முடிந்தது.

மூன்றாம் நாள் ஞாயிற்றுக்கிழமை, பத்து மணி பூஜைக்கு ஹால் நிறையச் சாமிகள். கற்பூரம் ஏற்றும் நேரத்தில் சம்பத் எழுந்து நின்று, சுவரைப் பார்த்துக் கையை ஆட்டினார்.

"வா, வா, வா... லெஃப்ட்ல ஒடி... நில்லுய்யா, செவுத்த இடிக்கற!"

ஹாலுக்குள் ஒரு லாரி ரிவர்ஸ் வந்துகொண்டிருந்தது. அவருக்கு மட்டும்.

"சாமி வந்துட்டாருப்பா!" என்றார் குருசாமி பாலு. சரணம் கூரையைப் பிளந்தது. பக்கத்து வீட்டுப் பேபி அக்கா சம்பத் காலில் விழுந்தார். "எம்புள்ளைக்கு விசா வருமா சாமி? லெஃப்ட்டுன்றீங்களே, அப்ப கனடாவா?"

குமரவேலின் மூளையில் பூஜ்யம் ஒன்றானது. எண் தெரியும், அடுத்து என்ன நடக்கும் என்பதும் தெரியும். ஆயினும் எந்த டாக்டரும் எழுதவில்லையே! பிரசாதத் தட்டை ஏந்தியபடி அந்த விதி தவறாத மனிதர் ஆறு நிமிடம் நின்றார். அதற்குள் சம்பத், லாரியை நிறுத்துவதற்காக வாசல் தாண்டி மெயின் ரோட்டுக்கே ஓடிவிட்டார். அங்கே நிஜ லாரி ஒன்று வந்தது. பிரேக் அலறி, பம்பர் அவர் வயிற்றுக்கு ஒரு முழம் முன்னால் நின்றது.

குமரவேல் ஓடிப் போய் அண்ணனைக் கட்டிப் பிடித்தார். உடம்பு கொதித்தது.

"அண்ணா, நான்தான்."

"யார்றா நீ? டிரைவர் எங்கடா?"

தட்டு எங்கே விழுந்தது என்று குமரவேலுக்குத் தெரியாது. "பாலண்ணா, காரை எடுங்க. ஆஸ்பத்திரி."

பாலு ஒரு கணம் தயங்கினார். பிறகு சாமியைத் தானே தோளில் தூக்கிக்கொண்டார்.

தாம்பரம் ஆஸ்பத்திரி வரை அண்ணி ஒரே பாடம் நடத்தினாள். "ஜொரம்னு சொல்லணும். மாலை போட்ட ஆளு. வேற ஒரு வார்த்தை உன் வாயில வந்துது, அப்புறம் நான் மனுஷியா இருக்கமாட்டேன்."

எமர்ஜென்சியில் இளம் பெண் டாக்டர் ஒருவர் இருந்தார். கட்டிலில் சம்பத் காற்றில் ஸ்டியரிங் பிடித்துக்கொண்டிருந்தார்.

"ஜொரம் டாக்டர்," என்றாள் அண்ணி. "மழைல பச்சத்தண்ணில குளிச்சாரு."

"குடிப்பழக்கம் இருக்கா?"

"அய்யய்யோ! அவரு மாலை போட்ட சாமி, டாக்டர்."

டாக்டரின் பேனா நகர்ந்தது. தலைகீழாக இருந்தாலும் குமரவேல் அதைப் படித்தார்: காய்ச்சல், குழப்பம், மூளைத் தொற்றா என்று பார்க்கவும். இதோ, டாக்டர் எழுதிவிட்டார். விதிப்படி எல்லாம் முடிந்தது. சம்பத்தின் தாடை இறுகி, பல் நறநறத்தது.

"டாக்டர், அது இல்ல!" குமரவேலின் குரல் வார்டு முழுக்கக் கேட்டது. "பதினேழு வருஷமா தினம் குடிச்சார். மூணு நாளா ஒரு சொட்டு இல்ல. இது அதை நிறுத்தினதால வந்தது. ஃபிட்ஸ் வரப்போவுது!"

"நீங்க டாக்டரா?"

"இல்ல மேடம். தம்பி."

டாக்டர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு சம்பத்தின் விரல்களை விரித்துப் பார்த்தார். "ஒரு நாளைக்கு எவ்வளவு?"

"ஒரு குவார்ட்டர் இருக்கும்..."

அண்ணி அவரை எரிப்பது போலப் பார்த்தாள். கட்டிலைப் பார்த்தாள். புடவைத் தலைப்பை வாயில் அழுத்தி எடுத்தாள்.

"அவன் எங்க கண்டான்! ஃபுல்லு, டாக்டர். ஞாயித்துக்கிழமைன்னா அதுக்கு மேலயும்."

அடுத்த நொடி சம்பத்தின் உடம்பு வில்லாக வளைந்தது. "லோராசிபாம்!" என்று டாக்டர் கத்தினார். வலிப்பை அடக்கும் அந்த ஊசி உடனே வந்து சேர்ந்தது. ஐசியூ கதவு மூடியது.

ஐந்தாம் நாள் சம்பத் கண் திறந்து தம்பியைப் பார்த்தார், மனைவியைப் பார்த்தார். கழுத்தைத் தடவினார். மாலை இல்லை.

"எவன்டா என்னைக் குடிகாரன்னு டாக்டராண்ட சொன்னது?"

குமரவேல் தொண்டையைச் செருமினார். அண்ணி முந்திக்கொண்டாள்.

"நான்தான் சொன்னேன். இனிமே கேக்கறவங்களுக்கெல்லாம் சொல்லுவேன். வாயத் தொற, கஞ்சி ஆறுது."