எட்டுப் பேரும் இருந்தால்தான் படம்

நேற்று அஜ்மான் வீட்டில், மகனின் செல்போனில் அந்த அமெரிக்கக் கல்லூரிக் காமெடிப் படத்தின் ஆறாம் பாகம் எட்டிப் பார்த்தது. "ஸோ ஸ்டுபிட், இதையெல்லாம் யாருப்பா பாப்பாங்க?" என்றான். நான் பார்த்திருக்கிறேனே, அதுவும் விழுந்து விழுந்து சிரித்து! அவனிடம் சொல்லவில்லை, உங்களிடம் சொல்வதற்கென்ன.

அப்போது துபாய் அல் குசைஸ் லேபர் கேம்ப்பில் எட்டுப் பேருக்கு ஒரே ரூம். கல்லூரி வாசலை மிதித்தவன் ஒருவனும் இல்லை. வெள்ளிக்கிழமை மத்தியானம், ஆட்டுக்கறிக் குழம்பின் வாசம் அடங்குவதற்குள் படம் ஓட ஆரம்பித்துவிடும். அமெரிக்கக் கல்லூரி விடுதிப் பையன்கள் ஜட்டியோடு மொட்டை மாடியிலிருந்து குதிப்பார்கள், முதல்வர் அறைக்கு ஆட்டை ஏற்றுவார்கள். இங்கிலீஷே தேவையில்லை. குறட்டை, சோப்புத் திருட்டு, பாத்ரூம் வரிசை எல்லாம் எங்கள் ரூம்தான். அவர்களுக்கு ஃபோர்மேன் இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம். இரண்டாம் பாகத்திலும் அதே பையன்கள், அதே சேட்டை. ஒருத்தனும் பாஸாகவில்லை, ஒருத்தனும் பிரியவில்லை. எங்களுக்குப் பிடித்ததே அதுதான். எங்களில் லீவில் போனவன் திரும்புவது விசா கொடுத்த முதலாளி, கஃபீல், மனசு வைத்தால்தான்.

அதனாலேயே ஒரு ரூம் சட்டம் வைத்திருந்தோம். எட்டுப் பேரும் இருந்தால்தான் புதுப் பாகம்.

மூன்றாம் பாகம் சி.டி. வந்தபோது என் மேல் கட்டில்காரன், புதுக்கோட்டை சேகர், லீவில் இருந்தான். பிளம்பர், நல்ல வேலைக்காரன். ஆனால் விசா இழுத்துக்கொண்டே போனது, கேன்சல்தான் என்று சைட்டில் பேச்சு. சி.டி. அரிசி மூட்டைக்குப் பின்னால் காத்திருந்தது. ஒருநாள் காய்ச்சலில் தனியாகக் கிடந்தேன். கை சும்மா இருக்கவில்லை, பார்த்துத் தொலைத்தேன். குற்ற உணர்ச்சியில் ஒரு சிரிப்பும் வரவில்லை.

மூன்றாம் மாதம் சேகர் வந்தேவிட்டான், பை நிறைய முறுக்கோடு. எனக்கு அழுகையே வந்துவிட்டது. அந்த வெள்ளிக்கிழமையே படம் போட்டோம். ஆடு படியேறுவதற்கு முன்பே நான் சிரித்துவிட்டேன். மற்றவர்கள் கவனிக்கவில்லை. சேகர் மட்டும் காதருகே குனிந்தான்.

"அண்ணே, நீங்க முன்னாடியே பாத்துட்டீங்க."

"உனக்கு எப்படிடா தெரியும்?"

"நானும் ஊர்ல பாத்துட்டேன்ணே. இனிமே விசா வராதுன்னு நெனச்சு. சிரிப்பே வரல."

அதற்குள் ஆடு படியேறியது. ரூமே அதிர்ந்தது. நாங்கள் இருவரும்தான் எல்லோரையும்விட அதிகமாகச் சிரித்தோம்.

இன்று அந்த கேம்ப் இல்லை, சி.டி. பிளேயரும் இல்லை. இப்போதைய ரூம்களில் ஆளுக்கொரு செல்போன், ஆளுக்கொரு இயர்போன். எட்டுப் பேர் ஒன்றாகச் சிரிக்கிற சத்தத்தைக் கேட்டு வருஷங்களாகின்றன.

நேற்றே சேகருக்குப் போன் போட்டேன். ஊரோடு போய்விட்டான், மகள் காலேஜில் சேர்ந்திருக்கிறாளாம்.

"ஆறாவது பார்ட் வந்திருக்குடா."

"பாத்துடாதீங்கண்ணே! லீவுக்கு வர்றீங்கள்ல? மத்தவங்களையும் நான் கூப்பிடுறேன்."

இந்தத் தடவை சத்தியமாகப் பார்க்கவில்லை.